சாட்சித் திட்டு

ஜூலை 7, திங்கள்

மதுரை வக்கீல் போனில் பேசினார். "அம்மா, உத்தரவு நமக்குச் சாதகமா வந்திருக்கு. இனிமே அந்த நிலத்துல எது நடந்தாலும் தேதி போட்டு எழுதி வைங்க. நாளைக்குக் கோர்ட்டு கேட்டா நாக்குத் தடுமாறக் கூடாது."

என் நாக்கு தடுமாறி இந்த ஊரில் யாரும் பார்த்ததில்லை. எழுத்துத்தான் தடுமாறும். ஐந்தாவதோடு நின்ற படிப்பு. ஆனாலும் வக்கீல் சொல்லிவிட்டார் என்று, பேத்தி பாதி எழுதிப் போட்டுவிட்டுப் போன நோட்டில் மீதிப் பக்கத்தில் ஆரம்பிக்கிறேன். முன்பக்கம் தவளையின் வயிற்றைக் கீறிப் படம் போட்டிருக்கிறது. கோர்ட்டார் பயப்பட வேண்டாம்.

பெயர் சீனியம்மாள். ஊர் ஆலமடை. கண்மாய்க்குக் கீழே இரண்டு ஏக்கர், கூட்டுப்பட்டா. பாதி, செத்துப்போன என் வீட்டுக்காரருடையது. பாதி, அவர் தம்பி சாத்தையாவுடையது. சுற்றி எல்லார் வயலும் பள்ளத்தில் கிடக்க, எங்களுடையது மட்டும் இடுப்பளவு மேடு. வாய்க்கால் தண்ணீர் எங்கள் வரப்பு வரைக்கும் வரும், அண்ணாந்து பார்க்கும், பக்கத்துப் பஞ்சவர்ணத்தின் வயலுக்குத் திரும்பிவிடும். மேட்டை வெட்டி மண்ணை வெளியே அனுப்பினால்தான் நெல் போட முடியும். சொந்த மண்ணே ஆனாலும் வெளியே கொண்டுபோக அரசாங்கம் அனுமதி தர வேண்டுமாம். மனுக் கொடுத்து இரண்டு மழைக்காலம் போயிற்று. பதில் இல்லை. அதனால்தான் கோர்ட்டுக்குப் போனோம்.

சாயங்காலம், கோர்ட்டுக்குப் போயிருந்த சாத்தையா மதுரையிலிருந்து அல்வாவோடு வந்து இறங்கினார்.

"மதினி, கோர்ட்டே சொல்லிருச்சு. இனி எவன் கேக்குறது?"

இத்தனை வருஷத்தில் அவர் எனக்கு இனிப்பு வாங்கி வந்தது இதுதான் முதல் தடவை. "என்ன கொழுந்தனாரே, எனக்குச் சீனி வியாதி வரட்டும்னு பாக்குறீகளா?" என்றேன். சிரிக்கவில்லை. போனைப் பார்த்துக்கொண்டே இருந்தார். நான் கேலி பண்ணிச் சிரிக்காத கொழுந்தனாரை இன்றுதான் பார்க்கிறேன்.

ஜூலை 10, வியாழன்

கிராம உதவியாளர் இருளப்பன் வந்தார். தாலுகா ஆபீசில் உத்தரவின் நகலைப் பார்த்தாராம்.

"கோர்ட்டு மண்ண எடுன்னு சொல்லலக்கா. மனுவப் பாருன்னு சொல்லிருக்கு. எட்டு வாரத்துக்குள்ள ஆபீசருக எடத்துக்கு வந்து பாத்து, குடுக்கலாமா கூடாதான்னு முடிவு எழுதணும். அம்புட்டுத்தேன்."

"அதுக்கா இம்புட்டு அல்வா தின்னோம்?"

"நீங்க தின்னீக. எனக்கு ஏது?"

மிச்சம் இருந்ததைக் கொடுத்தேன். தின்றுகொண்டே சொன்னார்: "ஒண்ணு மட்டும் மனசுல வச்சுக்கங்க. அவுக வந்து பாக்குறதுக்கு முந்தி ஒரு கூடை மண்ணு வெளிய போனாலும் மனு தள்ளுபடி. பட்டாதாரரு மேல கேசு. அப்பறம் ஒங்க மேடு மேடாவேதேன் கெடக்கும்."

சாத்தையா வந்ததும் அப்படியே ஒப்பித்தேன். அவர் முகத்தில் இருந்த களை போய்விட்டது.

"அப்ப அது ஆர்டர் இல்லையா?"

"ஆர்டருதேன். பாக்கச் சொன்ன ஆர்டரு. பொண்ணு பாக்க வாரோம்னு சொன்னாப் புள்ள பொறந்துருச்சுன்னு அர்த்தமா?"

டீயைக் குடிக்காமல் எழுந்து போனார். கேட்டதற்குப் பல்வலி என்றார்.

ஜூலை 13, ஞாயிறு

நிலத்தில் ஒன்றும் நடக்கவில்லை. ஆடு மேய்ந்தது. யார் ஆடு என்று எனக்குத் தெரியும், கோர்ட்டுக்கு அது வேண்டாம்.

அரசாங்கம் கொடுத்த கிரைண்டரில் அரிசியைப் போட்டுவிட்டு இதை எழுதுகிறேன். சுவிட்சைத் தட்டினால் அது பாட்டுக்கு ஆட்டுகிறது. எதிர்த்துப் பேசுவதில்லை.

ஜூலை 18, வெள்ளி

என் அண்ணன் பேத்திக்கு ஞாயிற்றுக்கிழமை குலசாமி கோயிலில் காதுகுத்து. போய்விட்டு அன்றைக்கே திரும்பலாம் என்று இருந்தேன். சாத்தையா விடவில்லை.

"முன்னாடியே போயி, மறுநாளும் இருந்துட்டு வாங்க மதினி. எம் பொண்டாட்டியையும் கூட்டிட்டுப் போங்க. எந்நேரமும் நெலம் நெலம்னு கெடக்கீக."

"நீங்க?"

"எனக்குப் பல்லு வலி."

முறுக்கைக் கடித்துக்கொண்டே சொன்னார். நல்ல மொறுமொறு முறுக்கு. நான் சுட்டது.

ஜூலை 22, செவ்வாய்

நேற்று வந்தேன். இன்று காலையில் நிலத்துக்குப் போனேன்.

ஓடைப் பக்கம், சீமைக்கருவேல மறைவில், மேட்டில் குழி. சின்னக் குழி இல்லை. உள்ளே ஒரு வீடு கட்டிக் குடியிருக்கலாம். ஓரமெல்லாம் ஜேசிபி பல் கீறிய தடம். ஓடை வழியாக டிப்பர் போய் வந்த பாதை.

கொஞ்ச நேரம் வரப்பில் உட்கார்ந்துவிட்டேன். இரண்டு மழைக்காலம் ஆபீஸ் ஆபீசாக நின்றது இந்தக் குழிக்குத்தானா?

முதலில் பஞ்சவர்ணத்தைத்தான் சந்தேகப்பட்டேன். அவள் புது வீட்டுக்கு அஸ்திவாரம் நிரப்புகிறாள். நேராக அங்கே போனேன்.

"என்னடி, அஸ்திவாரம் ரொம்பச் சீக்கிரம் ரொம்பிருச்சு?"

"காசு குடுத்து வாங்குன மண்ணு சீனி. ஒன் மண்ணு எனக்கெதுக்கு? அம்புட்டும் கருவ முள்ளு."

"முள்ளு கெடக்குறது ஒனக்கு எப்படித் தெரியும்?"

"பாதி முள்ளு எங்கால்லதேன் இருக்கு. ஒன் வரப்புலதான நடக்குறேன்."

அவள் அஸ்திவாரத்தில் கையை விட்டு ஒரு பிடி அள்ளிப் பார்த்தேன். நல்ல சிவப்பு. எங்கள் மண் வெளிறிப்போன மஞ்சள். அவள் இல்லை. அவள்தான் என்று இருந்திருந்தால் மனசுக்கு எவ்வளவு நிம்மதியாக இருந்திருக்கும்.

"நீ ஊர்ல இல்லாதப்ப டிப்பரு பட்டப்பகல்லயே போச்சு," என்றாள். "என்னப்பா இதுன்னு நிறுத்திக் கேட்டேன். கோர்ட்டு ஆர்டரு இருக்குன்னு டிரைவர் சொன்னான். சரி, ஒனக்குக் கெடச்சிருச்சு போலன்னு நெனச்சேன். எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலையேன்னு வருத்தங்கூட."

பிறகு இருளப்பனைச் சந்தேகப்பட்டேன். நான் ஊரில் இல்லாதது அவருக்குத் தெரியும். ஆனால் ஆர்டர் இல்லை என்று சொன்னதே அவர்தான். ஆட்டுக்காரனைச் சந்தேகப்பட்டேன். அவனுக்கு டிப்பர் எங்கே கிடைக்கும்? வக்கீலைக்கூடக் கொஞ்சம் சந்தேகப்பட்டேன். நோட்டைப் படித்தால் மன்னித்துக்கொள்ளவும்.

ஜூலை 23, புதன்

இன்று மறுபடி போனேன். நேற்று ஓரத்தில் நின்று பார்த்ததால் தெரியவில்லை. குழிக்குள் இறங்கினேன்.

நடுவில் ஒரு சாட்சித் திட்டு நிற்கிறது.

கோர்ட்டாருக்குத் தெரியாமல் இருக்கலாம், எழுதுகிறேன். நூறு நாள் வேலையில் குளம் வெட்டும்போது நடுவில் ஒரு ஆள் அகலத்துக்கு மண்ணை வெட்டாமல் அப்படியே நிறுத்துவோம். உச்சியில் பழைய புல்லும் வேரும் இருக்கும். தரை முன்னால் எந்த உயரத்தில் இருந்தது, எவ்வளவு ஆழம் வெட்டினோம் என்பதற்கு அதுதான் சாட்சி. ஓவர்சியர் வந்து திட்டை அளந்துதான் கூலி போடுவார்.

இந்தத் திட்டு என் நெஞ்சு உயரம் இருக்கிறது. உச்சியில் எங்கள் துத்திச் செடி, பூவோடு.

அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். திருடன் எதற்குச் சாட்சி விட்டுவிட்டுப் போகிறான்? அவசரமாக அள்ளுகிறவன் அதையும் சேர்த்து அல்லவா அள்ளுவான்? அளந்து கணக்குக் கேட்க ஒரு ஆள் இருந்தால்தான் திட்டு விடுவார்கள். நிலத்துக்காரர் கேட்பார் என்றுதான் விடுவார்கள்.

இந்த நிலத்துக்குப் பட்டாவில் இரண்டு பேர். அதில் ஒருத்தி காதுகுத்தில் மொய் எழுதிக்கொண்டிருந்தாள்.

ரேஷன் கடையில் நாளைக்குப் பாமாயில் போடுகிறார்களாம்.

ஜூலை 26, சனி

சாத்தையா வந்தார். மண் திருடு போயிருக்கிறது என்று சொன்னேன். எந்தப் பக்கம் என்று அவர் கேட்கவில்லை.

"பஞ்சவர்ணமா இருக்கும் மதினி."

"அவ மண்ணு செவப்பு."

"அப்ப வெளியூர்க்காரனா இருக்கும்."

"இருக்கும். ஒங்க பல்லு எப்படி இருக்கு?"

"எந்தப் பல்லு?"

நான் டீயை ஆற்றிக் கொடுத்தேன்.  

"போலீசுல எழுதிக் குடுக்கணுமா?" என்று கேட்டார், வெளியே பார்த்துக்கொண்டு.

"யோசிப்போம். குடுத்தா நம்ம மேலயே கேசு திரும்பிருமோன்னு எனக்குப் பயமா இருக்கு. ஒங்களுக்குப் பயமா இல்லையா?"

"எனக்கென்ன பயம்," என்றார். குரல் வேறு யாருடையதோ போல இருந்தது.

ஆகஸ்ட் 2, சனி

சாத்தையா என் வீட்டுக் கூரையில் ஓட்டைத் தகரத்தை மாற்றினார். நான் கேட்கவில்லை.

ஆகஸ்ட் 4, திங்கள்

சாத்தையா ஒரு பூசணிக்காய் கொண்டுவந்தார். அதையும் நான் கேட்கவில்லை. வெட்டுவதற்கு முன்னால் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். வெறும் பூசணிக்காய்தான்.

ஆகஸ்ட் 7, வியாழன்

பெரிய மோதிரம் போட்ட ஆள் ஒருத்தர் பைக்கில் வந்து சாத்தையா வீடு எது என்று என்னிடம் கேட்டார். ரோட்டு வேலை எடுத்துச் செய்கிறவராம்.

"என்ன விசயமா?"

"மிச்ச மண்ணு எப்பன்னு கேக்கணும்."

"மிச்சமா? எதுல மிச்சம்?"

என்னை ஏற இறங்கப் பார்த்தார். "அவருகிட்டயே கேட்டுக்கிறேன்த்தா," என்று வண்டியைத் திருப்பினார். நான் வழி சொன்னேன். கண்மாய் சுற்றிப் போகிற வழி. முள் நிறைய உள்ள வழி.

ஆகஸ்ட் 11, திங்கள்

இருளப்பன் நோட்டீஸ் கொண்டுவந்தார். கனிமவளத்துறை மேடம் வியாழக்கிழமை நிலத்தைப் பார்க்க வருகிறார். கையெழுத்துப் போட்டேன். அவர் போகாமல் நின்றார்.

"ஊர்ல ஒரு பேச்சு கேக்குதுக்கா. ஓடைப் பக்கம் குழியாம்ல?"

"நீங்க பாத்தீகளா?"

"நான் இன்னும் அங்கிட்டுப் போகல. பாத்தா நான் எழுதியாகணும்ல." தலையைச் சொறிந்தார். "அந்த மேடம் குழியக் கண்டா நடுவுல திட்டு நிக்குதான்னுதேன் மொதல்ல பாப்பாக. திட்டு நின்னா, பட்டாதாரரே வித்து அளந்து குடுத்துருக்காருன்னு எழுதிருவாக. மனுவும் போச்சு, கேசும் ஆச்சு. திட்டு இல்லேன்னா களவு. களவு போனவுகள ஒண்ணும் சொல்ல மாட்டாக."

"எங்கிட்ட எதுக்குச் சொல்றீக?"

"சும்மா சொன்னேன். நான் புதன்கெழமைதேன் அங்கிட்டுப் போவேன்."

ஏன் செவ்வாய்க்கிழமை போகமாட்டார் என்று அவர் சொல்லவில்லை. நான் கேட்கவில்லை. ஆனால் மனிதர் தின்ற அல்வாவுக்கு மேலேயே உதவி செய்கிறாரே, ஏன் என்று அவர் போனபிறகு ஒரு சந்தேகம் வந்தது.

சாத்தையாவைக் கூப்பிட்டு நீங்களே திட்டை இடித்துத் தொலையுங்கள் என்று சொல்லலாம். சொன்னால் எனக்குத் தெரியும் என்று ஆகிவிடும். கடைசியாக என் வீட்டுக்காரரை ஆஸ்பத்திரி மாடியிலிருந்து முதுகில் சுமந்து இறக்கியவர் அவர். லிப்ட் வேலை செய்யவில்லை. நடுவில் ஒரு தடவைகூட இறக்கி வைக்கவில்லை. இதற்கும் நிலத்துக்கும் சம்பந்தம் இல்லை. எழுத வந்துவிட்டது.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

இன்று நிலத்துக்குப் போகவில்லை. வீட்டிலேயே இருந்து மாவு ஆட்டினேன். மாவு ஆட்டியதில் இரண்டு உள்ளங்கையிலும் கொப்புளம். மண்வெட்டிக் காம்பு முறிந்துவிட்டது. அது பழைய காம்பு.

ஆகஸ்ட் 13, புதன்

இருளப்பன் குழியைப் பார்த்து எழுதிக்கொண்டார். மண் களவு போனதாக நானும் மனு எழுதி வி.ஏ.ஓ.விடம் கொடுத்தேன்.

"நடுவுல மண்ணு ஒதிர்ந்து கெடக்கே," என்றார் இருளப்பன்.

"மழை பேஞ்சுச்சுல்ல."

அவர் வானத்தைப் பார்த்தார். ஒரு மாதமாகத் துளி இல்லாத வானம். "ஆமா," என்றார், "நல்ல மழை."

ஆகஸ்ட் 14, வியாழன்

மேடம் சின்ன வயசு. கண்ணாடி. கூட டேப் பிடிக்க இரண்டு பேர். சாத்தையா கிட்டே வராமல் வேப்பமரத்தடியில் நின்றார்.

மேட்டை நாலு பக்கமும் அளந்தார்கள். வாய்க்கால் மட்டத்தைப் பார்த்தார்கள். தண்ணீர் ஏறாது என்பதை மேடம் ஒத்துக்கொண்டார். எனக்கு அப்போதே பாதி உயிர் வந்தது. பிறகு நேராக ஓடைப் பக்கம் நடந்தார். அந்தப் பாதி உயிரும் போயிற்று.

குழிக்குள் இறங்கி நின்றார். நடுவில் கிடந்த மண்ணைச் செருப்பு முனையால் தள்ளினார். ஒரு துத்திச் செடி வந்தது, வேரோடு. இன்னும் முழுதாக வாடவில்லை.

"இது எப்ப நடந்ததும்மா?"

"காதுகுத்துக்குப் போயிட்டு வந்து பாத்தேம்மா. போன மாசம்."

"அப்ப ஏன் நேத்துத்தான் மனுக் குடுத்தீங்க?"

"குடுத்தா என் மேலயே கேசு போட்டுருவீகளோன்னு பயம்."

"இப்ப பயம் போயிருச்சா?"

"நீங்க வாரீகன்னதும் இன்னும் கூடிருச்சு. அதேன் குடுத்துட்டேன்."

கூட வந்தவர்கள் சிரித்தார்கள். மேடம் சிரிக்கவில்லை. செடியை எடுத்து முகர்ந்துகூடப் பார்த்தார். "சாட்சித் திட்டு ஏதாவது விட்டிருந்தாங்களா?"

"திருடன் எங்கம்மா சாட்சி விட்டுட்டுப் போவான்?"

கொஞ்ச நேரம் என் முகத்தைப் பார்த்தார். பிறகு கையைப் பார்த்தார். நான் இரண்டு கையையும் சேர்த்துக் கும்பிட்டேன். கும்பிட்டால் உள்ளங்கை தெரியாது.

"திருடன் விட மாட்டான்," என்று மெதுவாகச் சொல்லிக்கொண்டு எழுத ஆரம்பித்தார்.

வேப்பமரத்தடியில் பார்த்தேன். சாத்தையா தரையில் உட்கார்ந்திருந்தார்.

ஆகஸ்ட் 15, வெள்ளி

பள்ளிக்கூடத்தில் கொடி ஏற்றி மிட்டாய் கொடுத்தார்கள். நான் போகவில்லை.

சாத்தையா வந்தார். உள்ளே வராமல் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். கையில் கொப்புளத்துக்குப் போட மஞ்சள் பத்து, ஒரு புது மண்வெட்டிக் காம்பு. யார் கேட்டார்கள் இவரை?

"மதினி, அந்தத் திட்டு…"

"எந்தத் திட்டு?"

"வண்டிக்காரன் வேணாம்னுதேன் சொன்னான். எல்லாத்தையும் வழிச்சுட்டுப் போறேன்னான். நான்தேன் விடச் சொன்னேன்." "ஒங்க பங்கு தப்பிரக் கூடாதுல்ல. அளந்து பாதியக் குடுக்கணும்னு."

மண்வெட்டிக் காம்பை அவர் கையிலிருந்து வாங்கிச் சுவரில் சாய்த்தேன்.

"மதுரையில ஆர்டரு வந்த அன்னைக்கே அந்த ரோட்டுக்காரனுக்கு வாக்குக் குடுத்துட்டேன் மதினி. ஆர்டருன்னா ஆர்டருன்னு நெனச்சேன். நீங்க வெவரம் சொன்னப்பறம் வேணாம்னேன், அவன் விட மாட்டேன்னுட்டான். ஒங்ககிட்டச் சொல்ல மூஞ்சி இல்ல."

"எந்தத் திட்டுன்னு கேட்டேன்ல," என்றேன். "எனக்கு ஒண்ணும் தெரியாது. இட்டிலி இருக்கு, திங்கிறீகளா? செவ்வாக்கெழம ஆட்டுன மாவு இல்ல, அதுக்கு முந்தி ஆட்டுனது."

ஆறு இட்லி தின்றார். தலையை நிமிர்த்தவில்லை.

ஆகஸ்ட் 25, திங்கள்

வக்கீல் போனில் அந்த நோட்டை அனுப்பச் சொன்னார். கரையான் தின்றுவிட்டது என்றேன். அதையும் அந்தக் கரையான் தின்ற நோட்டிலேயேதான் எழுதிக்கொண்டிருக்கிறேன். இனிமேல் இதைக் கோர்ட்டார் படிக்கப் போவதில்லை. ஆனாலும் பழகிவிட்டது. ஆகஸ்ட் பன்னிரண்டாம் தேதி நான் மாவுதான் ஆட்டினேன்.

செப்டம்பர் 1, திங்கள்

கோர்ட்டுச் சொன்ன எட்டு வாரக் கெடு முடிகிற நாள். காலையிலிருந்து ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். தரமாட்டார்கள் என்றுதான் நினைத்தேன். அந்தச் செடியை மேடம் ஏன் முகர்ந்தார் என்று இத்தனை நாளும் தூக்கம் கெட்டேன்.

மத்தியானம் இருளப்பன் வந்தார். அவர் முகத்தைப் பார்த்தால் ஒன்றும் தெரியவில்லை. வேண்டுமென்றே அப்படி வைத்திருந்தார்.

"அனுமதி குடுத்துருக்காகக்கா. வாய்க்கா மட்டம் வரைக்கும் வெட்டலாம். ஆனா மொதல்ல அந்தக் குழிய மூடி மட்டம் பண்ணணும். அதுக்கப்புறம் வெட்டுற எடத்துல நடுவுல சாட்சித் திட்டு விடணும், அவுக வந்து அளக்குற வரைக்கும் யாரும் தொடக் கூடாதுன்னு தனியா ஒரு வரி போட்டுருக்காக."

"எல்லாருக்கும் அப்படித்தேன் போடுவாகளா?"

"நான் பாத்ததில்ல," என்றார் இருளப்பன்.

குழியைச் சாத்தையா மூடுகிறார். ஜேசிபி வேண்டாம், கையாலேயே மூடுகிறேன் என்று அவரே சொன்னார். புதுக் காம்பு போட்ட என் மண்வெட்டிதான். சாயங்காலம் தண்ணீர் கொண்டு போனேன். சட்டையைக் கழற்றி முள்ளில் போட்டுவிட்டு, மேட்டில் ஒரு குச்சியை ஊன்றிக்கொண்டு நின்றார்.

"நாளப்பின்ன வெட்டுறப்ப திட்ட எங்கிட்டு விடலாம் மதினி?"

"எங்கிட்டு வேணாலும் விடுங்க. ஆனா இந்தத் தடவ மழைக்கு விழாத மாதிரிக் கெட்டியா விடுங்க கொழுந்தனாரே. என்னால இனிமே மாவு ஆட்ட முடியாது."

குச்சியைப் பிடுங்கி மண்ணைத் தட்டினார். பிறகு சிரித்தார். வாய் நிறையச் சிரித்தார். கிட்டப் போய் நன்றாகப் பார்த்தேன். பல் எல்லாம் நன்றாகத்தான் இருக்கிறது.